பொத்தான் போனுக்கு எழுதிய ஜாவா ஆட்டம் தொடுதிரைக்கு: ஒரு பெட்டி தள்ளும் ஆட்டத்தின் மாற்றப் பதிவு

எடுத்துக்கொண்ட ஆட்டம் எளிமையானது: ஓர் ஆளை நகர்த்தி, பெட்டிகளைத் தள்ளிக் குறித்த இடங்களில் சேர்க்கும் புதிர். 240×320 திரைக்கு எழுதப்பட்டது. மேலே 32 பிக்சல் உயரத்துக்கு மதிப்பெண் பட்டை, அதன் கீழே 10 நெடுவரிசை, 12 கிடைவரிசை. ஒரு கட்டத்தின் பக்கம் 24 பிக்சல். ஆட்டம் முழுக்க ஐந்து விசைகளில் நடக்கிறது: நான்கு அம்புகள், நடுவில் ஓகே. மூலநிரல் கையில் இருக்கிறது. இதை நோக்கியா 5800, நம் ஊரில் நிறையப் புழங்கிய 5233, சாம்சங் ஸ்டார், கார்பி போன்றவற்றில் விரலால் ஆடும்படி செய்வதுதான் வேலை.

ஒரு எச்சரிக்கையை முதலிலேயே சொல்லிவிடலாம். இந்தப் புதிரில் ஒரு தவறான தள்ளல் போதும், பெட்டி மூலையில் மாட்டிக்கொண்டு அந்த நிலையே வீணாகிவிடும். பறவை சுடும் ஆட்டத்தில் பிசகிய தொடுகைக்கு ஒரு குண்டுதான் செலவு. இங்கே பத்து நிமிட உழைப்பு. அதனால் கீழே சொல்வதில் பெரும்பகுதி, தொடுகையைப் பிடிப்பதைவிடத் தவறான தொடுகையைத் தடுப்பதைப் பற்றியே இருக்கும்.

மெத்தடுகள் (நிரலின் செயல்பகுதிகள்), பண்புகள் (ஆட்டத்தோடு எழுதிவைக்கும் அமைப்புகள்) ஆகியவற்றின் பெயர்களைத் தமிழில் ஒலிபெயர்த்திருக்கிறோம். நிரலில் அவற்றை வழக்கமான ஆங்கில எழுத்துகளில்தான் எழுத வேண்டும். எக்ஸ் மதிப்பைக் 'கிடை' என்றும் ஒய் மதிப்பை 'நெடு' என்றும் குறிப்பிடுகிறோம்.

சோதனைத் திரை

ஆட்டத்தில் கைவைக்கும் முன் நாற்பது ஐம்பது வரியில் ஒரு தனி மிட்லெட் (போனில் ஓடும் சிறு ஜாவா நிரல்) எழுதிப் போனில் ஏற்றுங்கள். திரையில் அது காட்ட வேண்டியவை: ஹேஸ்பாயின்டர்ஈவென்ட்ஸ் (தொடுகை தெரியுமா), ஹேஸ்பாயின்டர்மோஷன்ஈவென்ட்ஸ் (இழுப்பு தெரியுமா) இரண்டும் தரும் விடை, கெட்விட்த், கெட்ஹைட் தரும் அளவு, கடைசி எட்டு நிகழ்வுகளின் வகை, கிடை, நெடு, முந்தைய நிகழ்வுக்கும் இதற்கும் இடையே போன மில்லிசெகண்டு.

போன்களுக்கான ஜாவா வரையறையான எம்ஐடிபி 1.0 வெளிவந்த 2000ஆம் ஆண்டிலேயே, திரையில் வரைவதற்கான கேன்வஸ் வகுப்பில் பாயின்டர்பிரஸ்டு (தொட்டது), பாயின்டர்டிராக்டு (இழுத்தது), பாயின்டர்ரிலீஸ்டு (விட்டது) என்ற மூன்றும் இருந்தன. குச்சியால் தொடும் சோனி எரிக்சன் பி800 போன்றவை 2002 முதல் உண்டு. ஆனால் விரலால் தொடும் போன் சாதாரணமாகக் கைக்கு வந்தது 2008, 2009இல்தான். இடைப்பட்ட காலத்து ஆட்டங்களில் பெரும்பாலானவை அந்த மூன்று மெத்தடுகளையும் காலியாகவே விட்டுவைத்தன.

சோதனைத் திரையில் ஆறு காரியங்களைச் செய்து குறித்துக்கொள்ளுங்கள். நான்கு மூலைகளையும் தொடுவது, மெதுவாக ஒரு கோடு இழுப்பது, ஒரே இடத்தில் மூன்று செகண்டு அழுத்திப் பிடிப்பது, வேகமாகத் தட்டுவது, இழுத்துக்கொண்டே திரையின் ஓரத்துக்கு வெளியே போவது, இரண்டு விரல்களால் ஒருசேரத் தொடுவது. அழுத்தத்தில் இயங்கும் ரெசிஸ்டிவ் திரையில் அசையாமல் பிடித்திருக்கும்போதும் இழுப்பு நிகழ்வுகள் வந்துகொண்டே இருக்கும், மதிப்புகள் சில பிக்சல் இங்கும் அங்கும் ஆடும். அந்த ஆட்டத்தின் அகலம்தான் பின்னால் நீங்கள் வைக்கப்போகும் அசைவற்ற வட்டத்தின் (விரல் அசைந்தாலும் கணக்கில் எடுக்காத பகுதியின்) குறைந்தபட்ச அளவு. ஊகித்து எழுதாதீர்கள், அளந்து எழுதுங்கள்.

போனே வரையும் விசைகளை அகற்றுவது

5800இல் பழைய ஆட்டத்தை அப்படியே ஏற்றினால் திரையின் கீழ்ப்பகுதியில் போனே ஒரு விசைப்பலகையை வரைந்துவிடும். ஆட்டத்துக்குக் கிடைக்கும் கேன்வஸ் சுருங்கிப்போகும். இதை நிறுத்த மானிஃபெஸ்டில் (ஆட்டத்தோடு வரும் விவரக் கோப்பில்) ஒரு வரி போதும்: நோக்கியா-மிட்லெட்-ஆன்-ஸ்கிரீன்-கீபேட் என்ற பண்புக்கு மதிப்பு 'நோ'. சாம்சங் தொடுதிரைப் போன்கள் பலவற்றில் இதே வேலையைச் செய்வது மிட்லெட்-டச்-சப்போர்ட் என்ற பண்பு. அதன் மதிப்பு 'ட்ரூ'. இரண்டையும் சேர்த்தே போடலாம். புரியாத பண்பைப் போன் கண்டுகொள்ளாது.

எங்கே போடுவது என்பதில்தான் பலர் இடறுகிறார்கள். ஜேட் கோப்பில் (ஆட்டத்தின் விவரங்கள் மட்டும் கொண்ட தனிக் கோப்பு) மட்டும் சேர்த்துவிட்டு, ஆட்டமே அடங்கிய ஜார் கோப்பை மெமரி கார்டிலோ புளூடூத்திலோ அனுப்பி நிறுவினால் அந்த வரியைப் போன் பார்ப்பதே இல்லை. நம் ஊரில் பெரும்பாலும் ஜார்தான் கைமாறும். ஆகவே ஜாருக்குள் இருக்கும் மானிஃபெஸ்டிலேயே எழுதுங்கள். மானிஃபெஸ்டின் கடைசி வரிக்குப் பின் ஒரு என்டர் கட்டாயம் இருக்க வேண்டும்; இல்லையென்றால் கடைசிப் பண்பு காணாமல் போகும். கடைசி வரி நீங்கள் சேர்த்ததாகத்தான் இருக்கும் என்பதால், 'பண்பு வேலை செய்யவில்லை' என்ற புகாரில் பாதி இதுதான்.

ஜேட் வழியாக நிறுவும்போது ஜாரின் அளவு பைட் கணக்கில் மாறாமல் பொருந்த வேண்டும். மீண்டும் கட்டிய ஜாருக்குப் பழைய அளவே ஜேடில் இருந்தால் 904 என்ற பிழை எண் வரும். கையொப்பமிட்ட ஜாரைத் திறந்து மானிஃபெஸ்டை மாற்றினால் கையொப்பம் உடைந்து 909 வரும். மறுபடி கையொப்பமிடுவது தவிர வேறு வழி இல்லை. கையொப்பமிட்ட ஆட்டத்தில் ஜேடிலும் மானிஃபெஸ்டிலும் ஒரே பண்புக்கு வேறு வேறு மதிப்பு இருக்கவும் கூடாது.

திரையைப் பங்கு போடுவது

5800, 5233 இரண்டிலும் 3.2 அங்குலத்தில் 360×640. மூலைவிட்டக் கணக்குப்படி ஒரு மில்லிமீட்டருக்கு 9 பிக்சல். சாம்சங் ஸ்டார் 3 அங்குலத்தில் 240×400, மில்லிமீட்டருக்கு 6. கார்பி 2.8 அங்குலத்தில் 240×320, மில்லிமீட்டருக்கு 5.6. அடர்த்தியை ஜாவா வழியாகக் கேட்டு வாங்க எம்ஐடிபியில் வழி இல்லை. அகலம் 360 என்றால் 9, 240 என்றால் 6 என்று வைத்துக்கொண்டால் இந்தக் காலத்துப் போன்களுக்குப் போதும். போனின் மாடல் பெயரைக் கேட்டுப் பட்டியல் வைப்பது முடிவில்லாத வேலை, அதில் இறங்க வேண்டாம்.

விரலால் தொடும் பொத்தானுக்கு 7 மில்லிமீட்டருக்குக் குறையாத பக்கம் வேண்டும். அதாவது 5800இல் 63 பிக்சல், ஸ்டாரில் 42. நம் கட்டமோ 24 பிக்சல், கார்பியில் 4.3 மில்லிமீட்டர்தான் வருகிறது. குச்சிக்குப் போதும், கட்டைவிரலுக்குப் போதாது.

5800இல் கணக்கு அழகாக அமைகிறது. 240×320ஐ ஒன்றரை மடங்காக்கினால் 360×480. கீழே 160 பிக்சல் மிச்சம். அது கிட்டத்தட்ட 18 மில்லிமீட்டர் உயரம், ஒரு திசைவட்டுக்கு (அம்பு விசைகளுக்குப் பதிலாகத் திரையில் வரையும் வட்டுக்கு) ஏற்றது. ஸ்டாரில் பெருக்கவே வேண்டாம். 240×320 போக 80 பிக்சல் பட்டை மிஞ்சும். அதில் வட்டு வைத்தால் நெருக்கடி. நான்கு அம்புகளையும் ஒரே வரிசையில் 60×80 பெட்டிகளாக வைத்தால் ஒவ்வொன்றும் பத்து மில்லிமீட்டர் அகலம். இடது, மேல், கீழ், வலது என்ற வரிசை முதலில் விநோதமாகத் தோன்றினாலும் சிறிய வட்டில் தடுமாறுவதைவிட மேல். கார்பியில் மிச்சமே இல்லை. அங்கே கட்டத்தின் மீதே இழுத்து ஆடுவதுதான் வழி. அது பின்னால் வருகிறது.

ஒன்றரை மடங்காக்குவது யார் வேலை? எம்ஐடிபி 2.0இல் படத்தைப் பெரிதாக்கி வரையும் மெத்தட் கிடையாது. கெட்ஆர்ஜிபியில் எடுத்து, இரண்டு பிக்சலை மூன்றாக்கி, டிராஆர்ஜிபியில் வரையலாம். ஆனால் 360×480 என்றால் 1,72,800 முழு எண்கள், ஏறத்தாழ 675 கிலோபைட் ஒரு ஃப்ரேமுக்கு ஓடித் திரிய வேண்டும். கட்டப்படங்களையே 36 பிக்சலில் இன்னொரு தொகுதியாக ஜாரில் வைப்பது நல்லது. இந்த ஆட்டத்தில் இருப்பது எட்டே வகைக் கட்டங்கள். கூடும் எடை மிகக் குறைவு. படங்கள் ஏராளமாக உள்ள ஆட்டம் என்றால் நோக்கியா-மிட்லெட்-ஒரிஜினல்-டிஸ்பிளே-சைஸ் என்ற பண்புக்கு '240,320' என்று கொடுத்துப் பெரிதாக்குவதைப் போனிடமே விட்டுவிடலாம். அப்போது மூலைகளைத் தொட்டு வரும் எண்களை மறுபடி ஒருமுறை சரிபாருங்கள்.

அளவுகளைக் கன்ஸ்ட்ரக்டரில் (வகுப்பு உருவாகும்போது ஓடும் பகுதியில்) எடுத்து வைக்காதீர்கள். செட்ஃபுல்ஸ்கிரீன்மோட் அழைத்த கையோடு கெட்ஹைட் கேட்டால் தலைப்புப் பட்டை கழித்த பழைய உயரமே கிடைக்கலாம். பங்கீட்டை எல்லாம் சைஸ்சேஞ்சுடு மெத்தடுக்குள் வையுங்கள். போனைத் திருப்பினாலும் அதே மெத்தட்தான் அழைக்கப்படும். இந்த ஆட்டத்துக்குத் திருப்பம் தேவையில்லை என்பதால் நோக்கியா-மிட்லெட்-ஆப்-ஓரியன்டேஷன் பண்பை 'போர்ட்ரெய்ட்' என்று பூட்டிவிட்டோம்.

கழித்தல் குறி விட்டுவைக்கும் பொறி

தொட்ட இடத்திலிருந்து கட்டத்துக்குப் போகும் கணக்கு இது:

ஆட்டகிடை = (கிடை − இடதுஓரம்) * 2 / 3
ஆட்டநெடு = (நெடு − மேல்ஓரம்) * 2 / 3
நெடுவரிசை = ஆட்டகிடை / 24
கிடைவரிசை = (ஆட்டநெடு − 32) / 24

பெருக்கல் முதலில், வகுத்தல் பிறகு. மாற்றிப் போட்டால் முழு எண் வகுத்தலில் மிச்சம் கழன்றுபோய் வலதுபக்கம் போகப்போக இடம் தள்ளிக்கொண்டே போகும். எம்ஐடிபிக்கு அடித்தளமான சிஎல்டிசி 1.0இல் தசம எண்ணே கிடையாது, ஆகவே வேறு போக்கும் இல்லை.

பெரிய கோளாறு நான்காம் வரியில் ஒளிந்திருக்கிறது. மதிப்பெண் பட்டையைத் தொட்டால் ஆட்டநெடு 0க்கும் 31க்கும் இடையில் வரும். 32ஐக் கழித்தால் எதிர்மறை. ஜாவா எதிர்மறை எண்ணை வகுக்கும்போது சுழியத்தை நோக்கி வெட்டும்: −22ஐ 24ஆல் வகுத்தால் −1 அல்ல, 0. ஆகவே பட்டையின் கீழ்ப்பகுதியைத் தொட்டால் முதல் கிடைவரிசையைத் தொட்டதாகவே ஆட்டம் எடுத்துக்கொள்கிறது. பட்டையின் மேல்விளிம்பில் 0 முதல் 8 வரையான பிக்சல்களில் மட்டும் −1 கிடைத்து, அணியின் எல்லை தாண்டி ஆட்டம் விழுகிறது. எப்போதாவது மட்டும் விழும் ஆட்டத்தில் காரணத்தைத் தேடி அலைய இதைவிட நல்ல இடம் கிடையாது. வகுப்பதற்கு முன்பே எல்லையைச் சோதிப்பதுதான் மருந்து: கழித்த எண் சுழியத்துக்குக் கீழே என்றால் அந்தத் தொடுகை கட்டத்துக்கு உரியது அல்ல, அவ்வளவுதான்.

ஃபுல் ஸ்கிரீன் இல்லாதபோதும் ஒரு குழப்பம் வரும். பாயின்டர் தரும் எண்கள் கேன்வஸின் மூலையிலிருந்து அளந்தவை, திரையின் மூலையிலிருந்து அல்ல. தலைப்புப் பட்டையின் உயரத்தை நீங்களும் ஒருமுறை கழித்தால் எல்லாம் ஒரு கட்டம் மேலே ஏறி நிற்கும்.

லூப்புக்கும் நிகழ்வுக்கும் நடுவே தொலையும் தட்டல்கள்

மாற்றத்தின் மையம் இதுதான். தொடுகைக்கு என்று ஆட்டத்தில் தனிப்பாதை போடவில்லை. தொடுகை எதுவானாலும் அதை விசைநிலையாக மாற்றி, ஏற்கெனவே இருக்கும் பாதையில் விடுகிறோம். ஆட்டங்களுக்கான கேன்வஸ் வகுப்பான கேம்கேன்வஸின் கெட்கீஸ்டேட்ஸ், எந்த விசைகள் அழுத்தப்பட்டுள்ளன என்பதை ஓர் எண்ணாகத் தருகிறது. மேல் 2, இடது 4, வலது 32, கீழ் 64, ஃபயர் (ஓகே விசை) 256. நாமும் அதே பிட்டுகளில் எழுதிச் சேர்த்துவிடலாம்.

எளிமையாகச் செய்தால் தொட்டதும் பிட்டை ஏற்றுவோம், விட்டதும் இறக்குவோம். ஆட்டம் செகண்டுக்கு 15 ஃப்ரேம் ஓடுகிறது என்றால் லூப் (ஆட்டத்தைத் திரும்பத் திரும்ப ஓட்டும் சுழற்சி) 66 மில்லிசெகண்டுக்கு ஒருமுறைதான் எட்டிப்பார்க்கும். 50 மில்லிசெகண்டில் முடிந்துவிட்ட தட்டல் இரண்டு பார்வைகளுக்கு நடுவிலேயே வந்து போய்விடும். 'மெதுவாக அழுத்தினால் வேலை செய்கிறது, வேகமாகத் தட்டினால் சில நேரம் நகரவில்லை' என்று யாராவது சொன்னால் திரையைக் குறை சொல்ல வேண்டாம், இதைப் பாருங்கள். கெட்கீஸ்டேட்ஸ் இதை முன்பே யோசித்து வைத்திருக்கிறது: போன முறை கேட்டதற்குப் பிறகு ஒருமுறையாவது அழுத்தப்பட்ட விசையின் பிட்டையும் அது ஏற்றியே தரும். நாமும் அப்படியே இரண்டு எண் வைத்துக்கொள்கிறோம்.

தொட்டதும்:
பிடித்தது = பிட்
தட்டியது = தட்டியது | பிட்

விட்டதும்:
பிடித்தது = 0

லூப்பில்:
புதிது = தட்டியது
தட்டியது = 0
நிலை = கெட்கீஸ்டேட்ஸ்() | பிடித்தது | புதிது

நிகழ்வுகள் ஒரு த்ரெடிலும் (நிரலுக்குள் தனியாக ஓடும் ஓர் இழை) லூப் இன்னொன்றிலும் ஓடுகின்றன. 'தட்டியது' எண்ணை லூப் படித்துவிட்டுச் சுழியமாக்கும் அந்தக் கணத்தில் புதுத் தட்டல் வந்தால் அதுவும் அழிந்துபோகும். இந்த மூன்று துண்டுகளையும் ஒரே பூட்டின் கீழ், ஒரு நேரத்தில் ஒரு த்ரெட் மட்டும் நுழையும்படி, சின்க்ரனைஸ்டு செய்யுங்கள். பூட்டுக்குள் இரண்டு மூன்று ஒதுக்கீடுகள் தவிர வேறொன்றும் இருக்கக் கூடாது. குறிப்பாகச் சர்வீஸ்ரீபெயின்ட்ஸ் அங்கே வேண்டவே வேண்டாம். பெயின்டும் அதே பூட்டைக் கேட்டால் ஆட்டம் அப்படியே உறைந்து நிற்கும்.

'புதிது' சுழியம் இல்லையென்றால் ஓர் அடி உடனே. அது சுழியமாகி, பிடித்தது மட்டும் நீடித்தால் முதல் அடிக்குப் பின் 300 மில்லிசெகண்டு காத்து, பிறகு 120க்கு ஒன்று. காத்திருப்பு இல்லாமல் விட்டால் ஆள் செகண்டுக்கு 15 கட்டம் பாய்ந்து பெட்டியைச் சுவரில் ஒட்டிவிட்டுத்தான் நிற்பார்.

இடத்தை லூப்புக்குக் கடத்தும்போதும் கவனம் வேண்டும். கிடையை ஒரு மாறியிலும் நெடுவை இன்னொன்றிலும் எழுதினால், ஒன்று புதிதாகவும் மற்றது பழையதாகவும் இருக்கும் கணத்தில் லூப் படித்துவிடலாம். தொடாத ஒரு புள்ளி கிடைக்கும். இரண்டையும் ஒரே முழு எண்ணில் கட்டிவிட்டால் தொல்லை இல்லை:

இடம் = (நெடு << 16) | (கிடை & 65535)

முழு எண்ணை எழுதுவது ஜாவாவில் இரண்டாகப் பிரியாது. பிரித்தெடுக்கும்போது கிடையை ஷார்ட் வகைக்கு மாற்றிக்கொள்ளுங்கள். கேன்வஸுக்கு வெளியே இழுக்கும்போது எதிர்மறை எண் வரும் போன்களும் உண்டு. ஒரு த்ரெட் எழுதியது மற்றதற்கு உடனே தெரியும்படி மாறியை வோலடைல் என்று அறிவிப்பது நல்லது.

பாயின்டர்டிராக்டு மெத்தடுக்குள் ரீபெயின்ட் அழைக்கும் பழக்கம் பல ஆட்டங்களில் இருக்கிறது. கேன்வஸில் பெயின்டும் நிகழ்வுகளும் ஒன்றன்பின் ஒன்றாகத்தான் அழைக்கப்படும். ஒருமுறை வரைய 60 மில்லிசெகண்டு பிடித்தால் அதற்குள் இழுப்பு நிகழ்வுகள் வரிசையில் சேர்ந்துவிடும், விரல் நின்ற பிறகும் ஆள் நடந்துகொண்டிருப்பார். கேம்கேன்வஸில் லூப்பிலிருந்தே வரைந்து ஃப்ளஷ்கிராஃபிக்ஸ் அழைத்தால் நிகழ்வுப் பாதை காலியாக இருக்கும். லூப்பின் கடைசியில் மிச்ச நேரத்துக்குத் தூக்கம் கொடுங்கள். மிச்சமே இல்லையென்றாலும் 5 மில்லிசெகண்டாவது. ஓயாமல் சுற்றும் லூப் சில போன்களில் நிகழ்வு த்ரெடுக்கு மூச்சு விடவே இடம் தராது.

திசைவட்டு

மையத்திலிருந்து விரல் இருக்கும் தூரத்தை எடுத்து, கிடைத்தூரம் பெரிதா நெடுத்தூரம் பெரிதா என்று பார்த்தால் நான்கு திசை கிடைத்துவிடும். கோணம் கணக்கிட வேண்டியதில்லை. சிஎல்டிசி 1.1இல் சைன், கொசைன், டேன்ஜென்ட், வர்க்கமூலம் உண்டே தவிர, தலைகீழ் டேன்ஜென்ட் கிடையாது. எட்டுத் திசை வேண்டிய ஆட்டத்தில் 22.5 பாகைக் கோட்டை 5/12 என்ற பின்னத்தால் பிடிக்கலாம்: நெடுத்தூரத்தின் 12 மடங்கு கிடைத்தூரத்தின் 5 மடங்கைவிடக் குறைவு என்றால் நேர்க்கிடை. உண்மை மதிப்பு 0.414, பின்னம் 0.417. விரலுக்கு அந்த வித்தியாசம் தெரியாது.

நடுவில் ஒன்றரை மில்லிமீட்டர் ஆரத்துக்கு அசைவற்ற வட்டம். 5800இல் 14 பிக்சல், ஸ்டாரில் 9. இது போதாமல் ஒரு சிக்கல் எஞ்சும்: மூலைவிட்டக் கோட்டின் மேலேயே விரல் நின்றால், திரையின் நடுக்கத்தால் மேல், வலது, மேல், வலது என்று மாறிக்கொண்டே இருக்கும். இந்தப் புதிரில் அது மரணம். தற்போதைய திசையை விட்டு மாற, மறுதிசையின் தூரம் நான்கில் ஒரு பங்காவது கூடுதலாக இருக்க வேண்டும் என்று கட்டுப்பாடு வையுங்கள்.

விரல் ஒரு பொத்தானில் இறங்கி இன்னொன்றுக்கு வழுக்கினால் பழைய பிட்டை இறக்கிப் புதியதை ஏற்றுவது இழுப்பு நிகழ்வின் வேலை. விடும்போது எந்த இடத்தில் விட்டாலும் எல்லாப் பிட்டையும் இறக்குங்கள். 'விட்ட இடத்தில் உள்ள பொத்தானை விடு' என்று எழுதிய நிரலில் வழுக்கிய விசை ஒட்டிக்கொண்டே இருக்கும்.

கட்டத்தின் மேலேயே இழுப்பது

கார்பிக்கு இதுதான் முதன்மை வழி. மற்றவற்றிலும் பழகியபின் வட்டைத் தொடவே தோன்றாது. தொட்ட இடத்தை நங்கூரமாக வைத்து, விரல் ஒரு படி தூரம் நகர்ந்ததும் ஓர் அடி. படி நான்கு மில்லிமீட்டர்: 240 அகலத்தில் 24 பிக்சல், 360இல் 36. அடி கொடுத்தபின் நங்கூரத்தை விரல் இருக்கும் இடத்துக்கு மாற்றாமல், ஒரு படி தூரம் மட்டும் நகர்த்துங்கள். விரலுக்கே மாற்றினால் ஒவ்வோர் அடியிலும் மிச்சப் பிக்சல்கள் தொலைந்து, நீண்ட இழுப்பில் ஐந்து கட்டத்துக்கு நான்குதான் நகரும்.

இங்கே வரும் அடிகளை 'தட்டியது' எண்ணில் போடக் கூடாது. ஒரே ஃப்ரேமில் மூன்று அடி வந்தாலும் ஒரு பிட் ஒன்றாகத்தான் நிற்கும். சின்னதாக ஒரு வரிசை, எட்டு இடம் போதும். லூப் ஃப்ரேமுக்கு ஒன்றாக எடுத்துக்கொள்ளும்.

தட்டல் என்பது 300 மில்லிசெகண்டுக்குள், அசைவற்ற வட்டத்தைத் தாண்டாமல் முடிவது. தூரத்துக் காலிக் கட்டத்தைத் தட்டினால் ஆள் அங்கே தானாக நடக்கிறார். 120 கட்டங்களுக்கு அகலவாட்டுத் தேடல் (அருகிலுள்ள கட்டங்களிலிருந்து படிப்படியாக விரிந்து வழி காண்பது), 120 பைட் கொண்ட இரண்டு அணிகள். பழைய போனுக்கும் இது சுமையில்லை. தானாக நடக்கும்போது பெட்டியைத் தள்ளவே கூடாது. தள்ளுவது இழுப்பில் மட்டும். இந்த ஒரு விதி சேர்ந்த பிறகு தவறான தொடுகையின் சேதம் ஏறத்தாழ நின்றுவிடுகிறது.

நான்கு மில்லிமீட்டர்க் கட்டத்தை விரல் முழுசாக மறைத்துவிடும் என்பதால், தொட்டதும் அந்தக் கட்டத்தின் கிடைவரிசை, நெடுவரிசை இரண்டையும் மெல்லிய கோடாக ஓரம் வரை வரைந்து காட்டுகிறோம். விரலுக்கு அப்பால் கோடு தெரியும். இடம் பிசகினால் விடும் முன் திருத்திக்கொள்ளலாம்.

விடும் கணத்தை நம்பாதீர்கள். ரெசிஸ்டிவ் திரையில் விரல் எழும்போது அழுத்தம் குறைந்து கடைசி ஓரிரு புள்ளிகள் எங்கோ தாவும். கடைசி நான்கு புள்ளிகளை நேரத்தோடு சேர்த்து வைத்து, விட்ட நேரத்துக்கு 40 மில்லிசெகண்டாவது முந்தைய புள்ளியை எடுங்கள். அப்படி ஒன்று இல்லையென்றால் தொட்ட புள்ளியையே.

இத்தனைக்குப் பிறகும் பின்வாங்கும் வசதி சேர்த்தோம். ஓர் அடிக்கு ஒரு பைட்: இரண்டு பிட் திசை, ஒரு பிட் தள்ளியதா என்பது. ஆயிரம் அடிக்கு ஆயிரம் பைட். தொடுதிரைக்கு மாற்றும் எந்தப் புதிருக்கும் வட்டைவிட முதலில் சேர்க்க வேண்டியது இதுதான் என்பது எங்கள் கட்சி.

இரண்டு விரல்

பாயின்டர் மெத்தடுகளில் விரலுக்கு எண் கிடையாது. 5800 போன்ற ரெசிஸ்டிவ் திரையில் இரண்டு விரல் வைத்தால் திரைக்குத் தெரிவது இரண்டுக்கும் இடைப்பட்ட ஒரே புள்ளி. இடது கட்டைவிரலில் வட்டு, வலதில் ஃபயர் என்ற அமைப்பு காகிதத்தில் நன்றாக இருக்கும். போனில் ஃபயரைத் தொட்டதும் புள்ளி நடுத்திரைக்கு ஓடும். ஒரே விரலில் முடியும்படி ஆட்டத்தைத் திருத்துவதே வழி. சுடும் ஆட்டம் என்றால் இழுக்கும்போது தானாகச் சுடட்டும்.

பின்னாளைய ஆஷா 311 போன்ற முழுத் தொடுதிரை சீரிஸ் 40 போன்களில் நோக்கியாவின் மல்டிபாயின்ட்டச் என்ற தனி வகுப்பு உண்டு. அதை நேராக அழைத்து எழுதிய ஆட்டம் மற்ற போன்களில் வகுப்பு கிடைக்காமல் விழும். அதைத் தொடும் நிரலைத் தனி வகுப்பில் வைத்து, கிளாஸ்.ஃபார்நேம் வழியாகப் பெயரைச் சொல்லி உருவாக்குங்கள்; கிடைக்காவிட்டால் பிழையைப் பிடித்து ஒற்றை விரல் பாதைக்குத் திரும்பலாம். நிரலைச் சுருக்கிப் பெயர்களை மாற்றும் கருவியான புரோகார்டில் அந்த வகுப்பின் பெயரை மாற்றாமல் வைக்கும் விதி இல்லையென்றால், பெயர் மாறிப்போய் எல்லாப் போனிலும் ஒற்றை விரலே ஓடும், பிழையும் காட்டாது.

மென்விசைகளும் எண்விசைகளும்

பழைய நிரலில் பட்டிக்கு (மெனுவுக்கு) போக −6, வெளியேற −7 என்று மென்விசைக் குறியீடுகள் (திரைக்குக் கீழே இருபுறமும் உள்ள விசைகளின் எண்கள்) இருந்தன. முழுத்திரையில் அந்த விசைகளே இல்லை. மதிப்பெண் பட்டையின் இரு ஓரங்களிலும் பட்டி, பின்வாங்கு என்று இரண்டு இடம் ஒதுக்கினோம். பட்டையின் உயரம் 32தான் என்றாலும் தொடும் பரப்பைக் கீழே 12 பிக்சல் நீட்டிக்கொள்ளலாம். மேல்வரிசை எப்போதும் சுவர் என்பதால் மோதல் வராது.

நோக்கியா எக்ஸ்3-02 இன்னொரு ரகம்: தொடுதிரையும் எண்விசைகளும் உண்டு, அம்பு விசைகள் இல்லை. 2, 4, 6, 8, 5 ஆகியவற்றை கீபிரஸ்டு மெத்தடில் நேரடியாகப் பிடித்து அதே பிட்டுகளாக மாற்றிவிடுங்கள். இதற்குக் கேம்கேன்வஸின் கன்ஸ்ட்ரக்டருக்கு ஃபால்ஸ் கொடுக்க வேண்டும். ட்ரூ கொடுத்தால் ஆட்டவிசைகளுக்குக் கீபிரஸ்டு வராது. பாயின்டர் நிகழ்வுகளுக்கும் அந்த மதிப்புக்கும் சம்பந்தமில்லை.

சோதிப்பது

சன் வயர்லெஸ் டூல்கிட் 2.5.2இல் தொடுதிரை முதலில் அணைந்தே இருக்கும். டிவைசஸ் கோப்புறையில் டீஃபால்ட்கலர்ஃபோன் பண்புக் கோப்பைத் திறந்து டச்_ஸ்கிரீன் என்ற வரியை ட்ரூ ஆக்குங்கள். கணக்கு சரியா என்று பார்க்க எமுலேட்டர் போதும். ஆனால் மவுஸ் நடுங்காது, விடும்போது தாவாது, நடுப்புள்ளிக்கு ஓடாது. ஆண்ட்ராய்டில் ஜே2எம்இ லோடரில் ஓட்டினால் விரலின் பருமன் தெரியவரும். ரெசிஸ்டிவ் திரையின் குணம் அங்கேயும் தெரியாது. பழைய 5233 ஒன்று கிடைத்தால் வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். வாங்கியதும் முதலில் அமைப்புகளில் திரை அளவீட்டைச் செய்யுங்கள். ஓரம் தள்ளிப்போன திரையில் நிரலைத் திருத்திக்கொண்டிருப்பது வீண்வேலை.

கடைசியாக, வட்டில் விரலை வைத்து ஆள் நடந்துகொண்டிருக்கும்போது அந்தப் போனுக்கு அழைப்பு வரச் செய்யுங்கள். அழைப்புத் திரை மேலே வந்துவிடும், விரலை எடுக்கும் நிகழ்வு ஆட்டத்துக்கு வராமலே போகலாம். அழைப்பு முடிந்து திரும்பும்போது யாரும் தொடாமலே ஆள் சுவரை முட்டிக்கொண்டிருந்தால், ஹைட்நோட்டிஃபை மெத்தடில் பிடித்தது, தட்டியது, அடிவரிசை மூன்றையும் சுழியமாக்கி ஆட்டத்தை நிறுத்திவைக்க மறந்திருக்கிறீர்கள்.